மண் சொல்வதும் மக்கள் சொல்வதும்

பழங்கால மக்களைப் பற்றிப் பேச்செடுத்தால் நம்மவர்களிடையே இரண்டு போக்குகளைக் காண்கிறோம். பாட்டிமார் சொல்லும் கதைகளையும், கோயில் கொடையில் பாடும் பாட்டுகளையும் "பாமரன் கட்டிவிட்ட புளுகு" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுகிறவர்கள் ஒரு சாரார். படித்தவர்கள் இந்தப் பக்கம் அதிகம். அதே கதைகளைப் பட்டாவாக வைத்துக்கொண்டு, "இந்த மண் ஆதியிலிருந்து எங்களுடையது; மற்றவனெல்லாம் வந்தேறி" என்று மேடையேறி முழங்குகிறவர்கள் இன்னொரு சாரார். ஓட்டுக் கேட்பவர்கள் இந்தப் பக்கம் அதிகம்.

இரண்டு பேருமே உழைக்கும் மக்களின் சரித்திரத்துக்குத் துரோகம் செய்கிறார்கள் என்பது என் கருத்து. ஏன் என்று சொல்கிறேன்.

அரசன் கல்வெட்டு வெட்டினான். புலவன் ஏடு எழுதினான். உழுதவனும் மாடு மேய்த்தவனும் பானை வனைந்தவளும் எழுதி வைத்தது மிகக் குறைவு. ஆகவே அவர்களைப் பற்றி அறிய இரண்டு சாட்சிகளே பெரும்பாலும் மிஞ்சுகின்றன. அவர்கள் மண்ணில் விட்டுச் சென்ற பானையோடும் எலும்பும் அடுப்புச் சாம்பலும் ஒரு சாட்சி. பின்னால் வந்தவர்களின் வாயில் தங்கிப்போன கதையும் பாட்டும் வழிபாடும் ஊர்ப் பெயரும் இன்னொரு சாட்சி. மண்ணுக்கு வாய் கிடையாது. வாய்க்கு ஞாபகமறதி உண்டு. இரண்டையும் எதிரெதிரே நிறுத்திக் குறுக்கு விசாரணை செய்தால்தான் உண்மை வெளியே வரும். ஒன்றை மட்டும் கேட்டுத் தீர்ப்பு எழுதியவர்கள், எவ்வளவு பெரிய மேதையானாலும், சறுக்கி விழுந்திருக்கிறார்கள்.

ரயில் பாதைக்கடியில் போன நகரம்

ரயில்வேயில் குப்பை கொட்டுகிற நமக்கு நெருக்கமான ஒரு விஷயத்திலிருந்தே தொடங்குகிறேன். இன்று பாகிஸ்தானில் இருக்கும் பஞ்சாப் பகுதியில், ராவி நதியின் பழைய தடத்தருகே, ஹரப்பா என்று ஒரு கிராமம். அதன் பக்கத்தில் மலைபோல் செங்கல் மேடுகள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் லாகூருக்கும் முல்தானுக்கும் இடையே ரயில் பாதை போட்டபோது, அந்த மேடுகளைத் தோண்டிச் செங்கற்களை வாரிக்கொண்டு போய்த் தண்டவாளத்துக்கு அடியில் ஜல்லிக்குப் பதிலாகக் கொட்டினார்கள். ஏறக்குறைய நூறு மைல் பாதைக்கு அந்தச் செங்கல் போதுமானதாக இருந்தது என்று அன்றைய புதைபொருள் இலாகாவின் தலைவர் அலெக்சாண்டர் கன்னிங்ஹாம் எழுதி வைத்திருக்கிறார். நாலாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட நகரத்தின் மீது எத்தனையோ ரயில்கள் ஓடின. ஓட்டியவனுக்கும் தெரியாது, ஏறியவனுக்கும் தெரியாது.

ஆனால் பக்கத்து ஜனங்களுக்கு ஏதோ தெரிந்திருந்தது. 1820-களில் அந்த வழியே போன சார்லஸ் மாசன் என்ற வெள்ளைக்காரர், ஊர்க்காரர்கள் சொன்னதைக் கேட்டு எழுதியிருக்கிறார். இங்கே ஒரு பெரிய நகரம் இருந்தது. சீச்சாவத்னி வரைக்கும் நீண்டிருந்தது. அரசனின் காமத்தாலும் அக்கிரமத்தாலும் தெய்வ கோபம் வந்து அழிந்தது என்பது கதை. பிற்பாடு கன்னிங்ஹாம் போனபோது அந்த அரசனுக்கு ஹர்பால் என்று பெயரும் சொன்னார்கள்.

இப்போது இந்தக் கதையைச் சாட்சிக் கூண்டில் ஏற்றுவோம். நகரம் இருந்தது என்றது, அது சரி. பெரிய நகரம் என்றது, அதுவும் சரி. சுமார் 150 ஹெக்டேர் பரப்பில் அந்த நகரம் இருந்ததாகப் பின்னால் தெரியவந்தது. சீச்சாவத்னி வரைக்கும் என்றது மிகை. அழிந்தது அரசனின் பாவத்தால் என்றது, பெண்ணைப் பெற்ற ஏழைக் குடியானவன் எல்லாக் காலத்து அரசர்களைப் பற்றியும் வைத்திருந்த தீர்ப்பு. அதில் ஹரப்பாவின் சரித்திரம் இல்லை. சொன்னவனின் சரித்திரம் இருக்கிறது. அதுவும் நமக்கு வேண்டிய சரித்திரம்தான்.

படித்தவர்கள் என்ன செய்தார்கள்? மாசன், அலெக்சாண்டர் படையெடுப்பைப் பற்றிய புத்தகங்களை மனதில் வைத்துக்கொண்டு, அவன் காலத்து ஊராகவே அதைப் பார்த்தார். கன்னிங்ஹாம், சீன யாத்ரீகர் யுவான் சுவாங்கின் குறிப்பை வைத்துக்கொண்டு, அவர் பார்த்த ஊர்களில் ஒன்று என்று கொண்டார். இரண்டு பேரும் கையில் இருந்த ஏட்டை மண்ணின் மேல் போர்த்தினார்கள். 1921-ல் தயாராம் சாஹ்னி ஹரப்பாவிலும், 1922-ல் ராக்கல்தாஸ் பானர்ஜி சிந்து மாகாணத்து மொஹஞ்சதாரோவிலும் தோண்டிய பிறகு, 1924-ல் ஜான் மார்ஷல் உலகத்துக்கு அறிவித்தார்: இது அலெக்சாண்டருக்கும் புத்தருக்கும் வெகு காலம் முந்திய நாகரிகம். மொஹஞ்சதாரோ என்ற பெயருக்கே சிந்தி மொழியில் இறந்தவர்களின் மேடு என்று பொருள் சொல்கிறார்கள். மேட்டுக்கு அந்தப் பெயரை வைத்தவர்கள் பள்ளிக்கூடம் போனவர்கள் இல்லை.

கதையை நம்பியவன் பாமரன் என்றால், ஏட்டை நம்பிய அறிஞனை என்னவென்று அழைப்பது?

இந்திரன் மீது போட்ட வழக்கு

இதைவிடப் பெரிய சறுக்கல் ஒன்று உண்டு. 1946-ல் மார்ட்டிமர் வீலர் ஹரப்பாவில் தோண்டிக் கோட்டை மதிலைக் கண்டார். ரிக் வேதத்தில் இந்திரன் பகைவர்களின் கோட்டைகளைத் தகர்த்தான் என்று வருகிறது. மொஹஞ்சதாரோவின் தெருக்களிலும் வீடுகளிலும் முன்பே சில எலும்புக்கூடுகள் கிடைத்திருந்தன. மூன்றையும் முடிச்சுப் போட்டு, 1947-ல், ஆரியர் படையெடுத்து வந்து நகரத்து மக்களைப் படுகொலை செய்தார்கள், குற்றவாளி இந்திரன் என்று அவர் எழுதினார். இரண்டு தலைமுறைப் பள்ளிப் பிள்ளைகள் அதைப் படித்தார்கள். வடக்கிலும் தெற்கிலும் மேடைப் பேச்சாளர்களுக்கு அது அல்வாவாகப் போயிற்று.

1964-ல் ஜார்ஜ் டேல்ஸ் என்ற அமெரிக்க ஆராய்ச்சியாளர் கணக்கைத் திரும்பவும் கூட்டிப் பார்த்தார். எலும்புக்கூடுகள் எல்லாம் ஒரே நாளில், ஒரே சண்டையில் விழுந்தவை இல்லை. கோட்டையைக் காத்து நின்று செத்தவர்களின் உடல் என்றால் கோட்டை மேட்டில் அல்லவா கிடைக்க வேண்டும்? அங்கே இல்லை. பிற்பாடு எலும்புகளைப் பரிசோதித்தவர்கள், வெட்டுக்காயம் என்று சொல்லத்தக்கது மிகச் சிலரிடமே இருப்பதாகக் கண்டார்கள். மழை குறைந்தது, ஆறுகள் திசை மாறின, தூரதேச வியாபாரம் நொடித்தது, ஜனங்கள் கொஞ்சம் கொஞ்சமாகக் கிழக்கே பிழைப்புத் தேடிப் போனார்கள் என்பதே இன்று பெரும்பாலோர் ஏற்கும் விளக்கம். கி.மு. 1900-ஐ ஒட்டி அந்தப் பெரிய நகரங்கள் தேய்ந்துபோயின.

வேத மொழி பேசியவர்கள் வெளியிலிருந்து வந்தார்களா, எப்போது, எவ்வளவு பேர் என்பது வேறு கேள்வி. அதற்குத் தனி ஆதாரங்களும் தனி விவாதமும் உண்டு. படுகொலைக் கதைக்கு ஆதாரம் இல்லை என்பதால் குடிபெயர்வே இல்லை என்று முடிவு கட்டுவதும் தவறு. நான் சொல்ல வந்தது வேறு. பழம்பாட்டு ஒரு பக்கம், மண்வெட்டி ஒரு பக்கம் இருந்தால் மட்டும் போதாது. ஒன்று சொல்வதை இன்னொன்று மறுக்க இடம் கொடுக்க வேண்டும். வீலர் அந்த இடத்தைக் கொடுக்கவில்லை.

பாண்டவர் கட்டிய குகைகள்

மராட்டிய மண்ணுக்கு வருவோம். நாசிக் போய்வந்த நம்மவர்களுக்குப் பாண்டவ லேணி தெரிந்திருக்கும். ஊருக்குத் தெற்கே மலையில் குடைந்த குகைகள். பாண்டவர்கள் வனவாசத்தில் தங்கிய இடம் என்பார்கள். உள்ளே சுவர்களில் எழுதியிருப்பதோ வேறு. பௌத்தத் துறவிகள் தங்குவதற்காக வெட்டிக் கொடுத்தவை. கொடுத்தவர்களில் க்ஷத்ரப அரசன் நகபானனின் மருமகன் உஷவதாதன் உண்டு, சாதவாகன கௌதமிபுத்திர சாதகர்ணியின் தாய் கௌதமி பலஸ்ரீ உண்டு. எழுத்தைப் படிக்கத் தெரிந்தவர்கள் மறைந்து, குகை மட்டும் நின்றபோது, ஜனங்கள் பாண்டவர்களை அங்கே குடிவைத்தார்கள்.

நம் ஊரிலும் இதே கதைதான். கற்பலகைகளை நிறுத்தி மேலே மூடு கல் போட்ட பழங்காலப் புதைகுழிகளுக்குப் பாண்டவர் குழி என்று பெயர். கர்நாடகத்தில் கொப்பள் மாவட்டம் ஹிரேபெனகல் பக்கத்தில் குன்றின் மேல் நூற்றுக்கணக்கில் இப்படிப்பட்ட கல்வீடுகள் நிற்கின்றன. மோரியர் என்ற குள்ள மனிதர்கள் வாழ்ந்த வீடுகள் என்று அங்கே சொல்கிறார்கள். அவை வீடுகள் இல்லை, இறந்தவர்களுக்காக எழுப்பியவை என்பது ஆராய்ச்சியாளர் முடிவு.

இந்தச் சங்கத்தில் பாதிப்பேர் திருநெல்வேலிச் சீமைக்காரர்கள். முதுமக்கள் தாழி பற்றி உங்கள் ஆச்சி சொல்லியிருப்பார். முன்காலத்தில் மனுசனுக்குச் சாவே வராது, வயசாக வயசாகச் சுருங்கிக் குழந்தைபோல் ஆகிவிடுவான், அவனைத் தாழிக்குள் உட்காரவைத்துச் சோறும் தண்ணீரும் வைத்து மூடிவிடுவார்கள் என்ற கதை. தாமிரபரணிக் கரையில் ஆதிச்சநல்லூரில் 1876-ல் ஜாகோர் என்ற ஜெர்மானியரும், அதன்பின் அலெக்சாண்டர் ரீயும், 2004-ல் மத்திய தொல்பொருள் துறையும் தோண்டினார்கள். தாழிகளுக்குள் எலும்பும் சின்னப் பானைகளும் இருந்தன; ரீ எடுத்தவற்றில் இரும்பு ஆயுதமும் வெண்கலப் பாத்திரமும் பொன் பட்டமும் உண்டு. செத்தவர்களைப் புதைத்த இடம் அது. கிழவர்களுக்கு மட்டும் உரிய வழக்கம் என்பதும் நிற்காது. 2020-ல் கீழடிக்குப் பக்கத்துக் கொந்தகை இடுகாட்டில் குழந்தையின் எலும்புக்கூடும் கிடைத்தது.

அப்படியானால் கதை வெறும் புளுகா? யோசித்துப் பாருங்கள். தாழிக்குள் ஆள் இருக்கிறான், அவனோடு சோற்றுக்கும் தண்ணீருக்கும் பாத்திரம் இருக்கிறது, அவன் நம் முன்னோன் என்ற மூன்று செய்திகளும் கதைக்குள் பத்திரமாக இருக்கின்றன. அவனை ஏன் அப்படி வைத்தார்கள் என்ற காரணம் மட்டும் தொலைந்துவிட்டது. வழக்கம் நின்றுபோய் வெகு காலம் கழித்துக் கலப்பையில் தாழி தட்டுப்பட்டபோது, தொலைந்த காரணத்தின் இடத்தில் ஜனங்கள் ஒரு கதையை வைத்தார்கள். அதுபோலவே பாண்டவர் என்பது வேலைப்பாடு பெரிதாகவும் செய்தவன் பெயர் தெரியாமலும் இருக்கும் எதற்கும் நம் நாட்டு ஜனங்கள் ஒட்டும் சீட்டு. "இது எங்கள் பாட்டன் காலத்துக்கும் முந்தியது" என்பதே அதன் அர்த்தம். அந்தச் சீட்டு ஒட்டியிருக்கும் இடத்தில் தோண்டிப் பார் என்று கதை விரலைக் காட்டுகிறது. பெயரையும் தேதியையும் மட்டும் அதனிடம் கேட்கக் கூடாது.

டெக்கான் குயினில் வந்த கணக்கு வாத்தியார்

இரண்டு சாட்சிகளையும் சேர்த்து விசாரிப்பது எப்படி என்று இந்தப் பிரதேசத்திலேயே ஒருவர் செய்து காட்டியிருக்கிறார். தாமோதர் தர்மானந்த் கோசாம்பி (1907–1966). தொழில் கணிதம். பம்பாயில் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிலையத்தில் வேலை, வீடு புனாவில். டெக்கான் குயினில் தினசரி வந்துபோன சீசன் டிக்கெட்டுக்காரர். ஓய்வு நேரத்தில் கையில் தடியை எடுத்துக்கொண்டு புனாவைச் சுற்றியுள்ள குன்றுகளில் நடப்பார். இடையனோடும் குடியானவப் பெண்களோடும் உட்கார்ந்து பேசுவார். 1956-ல் வந்த இந்திய சரித்திர ஆய்வுக்கான அறிமுக நூலும், 1962-ல் வந்த "மித் அண்ட் ரியாலிட்டி" என்ற நூலும் இந்த நடையில் விளைந்தவை.

அவர் கேட்ட கேள்வி எளிமையானது. மராட்டியக் கிராமங்களில் செந்தூரம் பூசிய கல்லாக அம்மன் இருக்கிறாள். பல இடங்களில் அவள் ஊருக்குள் இல்லை. ஊரைவிட்டு விலகி, காட்டில், பாதைகள் கூடும் இடத்தில் தனியாக இருக்கிறாள். வருடத்துக்கு ஒருமுறை ஊரே அங்கே போய்ப் பொங்கி வைத்துவிட்டு வருகிறது. ஊருக்குக் காவல் தெய்வமென்றால் அத்தனை தூரத்தில் அவளுக்கு என்ன வேலை?

அங்கே குனிந்து தரையைப் பார்த்தார். விரல் நகத்தளவு, விரல் நீளமளவு கற்சில்லுகள் கிடந்தன. கல்லை உடைத்துக் கத்தியாகவும் அம்பு முனையாகவும் ஆக்கிய ஆதி மனிதனின் கருவிகள். அவர் கட்டிய விடை இது: ஊர் ஏற்படுமுன்பே, உழவு வருமுன்பே, வேட்டையாடியும் மந்தை ஓட்டியும் மழைக்கு ஏற்ப இடம் மாறிய கூட்டங்கள் இந்தத் தடங்களில் நடந்தன, தடங்கள் கூடும் இடத்தில் சந்தித்தன, கொடுத்து வாங்கின, சாமி கும்பிட்டன. பின்னால் உழவு வந்து, ஊர் நல்ல மண் பார்த்து வேறிடத்தில் அமர்ந்தது. அம்மன் மட்டும் பழைய இடத்திலேயே நின்றுவிட்டாள். அதே தடங்களில்தான் பிற்பாடு வணிகர்களின் பொதிமாடுகள் நடந்தன. அதே தடங்களின் ஓரத்தில்தான் பௌத்தக் குகைகள் எழுந்தன.

கற்சில்லு மட்டும் கிடைத்திருந்தால், இங்கே யாரோ இருந்தார்கள் என்பதோடு விஷயம் முடிந்திருக்கும். அம்மன் கதை மட்டும் இருந்திருந்தால் அது பக்திக் கதையாகவே இருந்திருக்கும். இரண்டும் ஒரே இடத்தில் கூடியபோது, எழுதப்படாத ஒரு ஜன சமூகத்தின் நடைபாதை தெரிந்தது. அம்மன் ஓரிடத்தில் எருமை அரக்கனைக் கொல்கிறாள், வேறோரிடத்தில் அதே எருமைச் சாமி மசோபாவுக்கு மனைவியாகிறாள் என்ற முரண்பாட்டையும் அவர் சிரித்துத் தள்ளவில்லை. தாய்த் தெய்வத்தை வணங்கியவர்களும் மந்தைக்காரர்களும் முதலில் மோதி, பிறகு கொண்டான் கொடுத்தானாகக் கலந்ததன் தடம் அது என்று வாதித்தார். அவர் முடிவுகள் எல்லாவற்றையும் எல்லோரும் ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் மேய்ப்பவனையும் சரித்திரத்துக்குச் சாட்சியாக அழைக்க வேண்டும் என்ற அவர் முறையை இனி யாரும் மறுக்க முடியாது.

இனாம்காவின் ஊமை எலும்புகள்

புனா மாவட்டம் சிரூர் தாலுகாவில், கோட் நதிக்கரையில், இனாம்காவ். டெக்கான் கல்லூரிக்காரர்கள் 1968 முதல் 1983 வரை பொறுமையாகத் தோண்டிய இடம். கி.மு. 1600-ஐ ஒட்டித் தொடங்கி கி.மு. 700 வரை அங்கே ஒரு விவசாய ஊர் இருந்தது. பார்லி பயிரிட்டார்கள், வாய்க்கால் வெட்டி அணை கட்டினார்கள். ஊரின் நடுவில் தானியக் களஞ்சியத்தை ஒட்டிப் பெரிய வீடு. ஓரத்தில் குயவன், தட்டான், சுண்ணாம்பு சுடுபவன் வீடுகள். பெரிய மனுசன் நடுவில், கைத்தொழிலாளி ஓரத்தில் என்ற ஏற்பாடு மூவாயிரம் ஆண்டுக்கு முன்பே வந்துவிட்டதைக் கவனியுங்கள்! கடைசிக் கட்டத்தில் வறட்சி வந்தது. நாற்கோண வீடுகள் போய்ச் சின்னச் சின்ன வட்டக் குடிசைகள் வந்தன. உழவு சுருங்கி, மந்தையும் வேட்டையும் பெருகின. இந்த மாற்றத்தைப் புரிந்துகொள்ள, இன்றும் ஆட்டுமந்தையோடு பருவத்துக்கு ஏற்ப நடக்கும் தங்கர்கள் போன்ற மக்களின் வாழ்க்கையை ஆராய்ச்சியாளர்கள் பார்க்க வேண்டியிருந்தது.

இனாம்காவைப் பற்றி ஒரு கதையும் மிஞ்சவில்லை. அந்த ஜனங்கள் தங்களை என்ன பெயரால் அழைத்துக்கொண்டார்கள் என்பதே யாருக்கும் தெரியாது. ஆனால் அவர்கள் செத்த குழந்தைகளை இரண்டு பானைகளின் வாயோடு வாய் வைத்து, வீட்டுத் தரைக்கு அடியிலேயே புதைத்தார்கள். பெரியவர்களைப் புதைக்கும்போது கணுக்காலுக்குக் கீழே பாதத்தை வெட்டிவிட்டுப் புதைத்தார்கள். ஏன்? எலும்பு பதில் சொல்லாது. இறந்தவர் ஆவியாக எழுந்து நடந்துவிடக் கூடாது என்ற பயமாக இருக்கலாம் என்று ஆராய்ச்சியாளர் ஊகிக்கிறார்கள். அந்த ஊகம் எங்கிருந்து பிறந்தது? உயிரோடிருக்கும் மக்களின் நம்பிக்கைகளிலிருந்து. பிணத்தின் கால் பெருவிரல்கள் இரண்டையும் சேர்த்துக் கட்டும் வழக்கம் நம் வீடுகளிலும் இருக்கிறதே, அதை ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். இது அதற்குச் சான்று என்று நான் சொல்லவில்லை. மண் கேட்கும் கேள்விக்கு விடை தேடப் போக வேண்டிய இடங்களில் நம் வீட்டு இழவும் ஒன்று என்கிறேன்.

யார் வந்தேறி?

இனி அரசியலுக்கு வருவோம்.

தாழியைக் கண்ட உடனே, "பார், புனா வரைக்கும் தமிழன்" என்று நம்மில் ஒருவர் துள்ளிக் குதிப்பார். குதிக்க வேண்டாம். பானையில் பிள்ளையைப் புதைக்கும் வழக்கம் உலகத்தின் பல மூலைகளில் இருந்திருக்கிறது. பானை மொழி பேசாது. மராட்டியத்து நீர்நிலைகளில் சாதி ஆஸரா என்ற ஏழு தெய்வப் பெண்களைக் கும்பிடுகிறார்கள். நம் ஊர்க் குளக்கரையில் ஏழு கன்னிமார் இருக்கிறார்கள். இந்த ஒற்றுமை அழகானது, ஆராயத் தக்கது. இதைப் பிடித்துக்கொண்டு, நாம் இவர்களுக்கு மூத்தவர்கள் என்று சண்டைக்குப் போவது அசட்டுத்தனம். ஏழு பெண்களை ஏழு எல்லைக் கல்லாக மாற்றும் வேலை அது.

இதே கண்டிப்பை மற்றவர்களிடமும் காட்ட நமக்கு உரிமை உண்டு. 1966-க்குப் பின் இந்தப் பம்பாயில் தென்னாட்டாருக்கு எதிராக எழுந்த கூச்சலை மூத்த தோழர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மண்ணின் மைந்தன், வந்தேறி என்ற அந்தப் பேச்சு ஆட்களை மாற்றி மாற்றி இன்றும் நடக்கிறது. நேற்று தெற்கத்தியான், இன்று வடக்கத்தியான். நம் ஊரிலேயே வட மாநிலத் தொழிலாளியைப் பார்த்து நம்மவர்கள் இதே வார்த்தையைச் சொல்லும்போது எனக்கு வெட்கமாக இருக்கிறது.

இதற்கு மண்ணே பதில் சொல்லியிருக்கிறது. கார்லா குகைக்குப் போய்ப் பாருங்கள். மலையைக் குடைந்த சைத்தியங்களில் இந்தியாவிலேயே பெரியது. தூண்களில் கொடுத்தவர்களின் பெயர் வெட்டியிருக்கிறது. யவனர்கள் என்று சொல்லிக்கொண்டவர்கள் கொடுத்திருக்கிறார்கள். வாசனைப் பண்டம் விற்றவர் கொடுத்திருக்கிறார். தச்சர் ஒருவர் பெயர் இருக்கிறது. ஜம்பூத்வீபத்திலேயே சிறந்தது இந்தக் கல்மாளிகை என்று பெருமையோடு எழுதிவைத்த வணிகர் பூதபாலர், வைஜயந்தி ஊர்க்காரர். வைஜயந்தி என்பது கர்நாடகத்து பனவாசி என்று அறிஞர்கள் கொள்கிறார்கள். அதாவது, சுமார் இரண்டாயிரம் ஆண்டுக்கு முன்னால் ஒரு தென்னாட்டான் இந்த மலையில் தன் பணத்தைப் போட்டிருக்கிறான்!

அதே சைத்தியத்தின் வாசலிலேயே ஏகவீரா அம்மன் கோயில். கோலிகள், ஆகிரிகள் குலதெய்வம். பாண்டவர்கள் ஒரே ராத்திரியில் கட்டிய கோயில் என்பது கதை. இந்த மும்பைத் தீவுகளின் பழங்குடிகளான மீன்பிடிக்கும் கோலிகள் சித்திரை மாதத்தில் மேளமடித்துக்கொண்டு மலை ஏறுகிறார்கள். வெளியூர்க்காரன் குடைய உதவிய பௌத்தக் குகை, உள்ளூர்க்காரன் கும்பிடும் அம்மன், இரண்டுக்கும் நடுவில் ஐந்தடி இடைவெளிகூடக் கிடையாது. கல்லெழுத்து அம்மனைப் பற்றிப் பேசவில்லை. கோலியின் பாட்டு பூதபாலனைப் பற்றிப் பேசவில்லை. இரண்டையும் சேர்த்துக் கேட்பவனுக்கு மட்டுமே இந்த மலையின் முழு சரித்திரமும் கிடைக்கும். அந்தச் சரித்திரத்தில் தங்கியவனுக்கும் இடமுண்டு, வந்தவனுக்கும் இடமுண்டு. நம் ரயில் ஏறும் போர் காட் கணவாயே பழைய பொதிமாட்டுத் தடத்தை ஒட்டியதுதான். 1863-ல் தண்டவாளம் போடுமுன்பே ஜனங்கள் ஏறியிறங்கிய மலை அது.

நாம் செய்ய வேண்டியது

"சம்பளத்துக்கும் குடியிருப்புக்கும் போராடவே நேரமில்லை, உடைந்த பானையைப் பற்றிப் பேச நேரமா?" என்று தோழர்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனால் தொழிலாளியைத் தொழிலாளியிடமிருந்து பிரிக்க எதிராளி கையில் எடுக்கும் கத்திகளில் பொய்ச் சரித்திரமும் ஒன்று. கூலி உயர்வுக்கு ஒன்றாகக் கொடி பிடித்தவர்களை, யார் ஆதிகுடி என்ற ஒரே கேள்வியால் இரண்டு கட்சியாக்கிவிட முடிகிறது. அந்தக் கத்தியை மழுங்க அடிப்பதும் சங்க வேலைதான்.

தாராவியிலும் மாட்டுங்காவிலும் கல்யாணிலும் எழுபது எண்பது வயதுப் பெரியவர்கள் இன்னும் நம்மோடு இருக்கிறார்கள். தங்கள் ஊர்ச் சாமி எந்தத் திக்கிலிருந்து வந்தது, வழியில் எந்த ஆற்றைக் கடந்தது, ஊர்ப் பக்கத்து மேட்டுக்கு என்ன பெயர், ஏன் அந்த மேட்டில் வீடு கட்டக் கூடாது என்பார்கள் என்பதெல்லாம் அவர்களுக்குத் தெரியும். நத்தமேடு என்ற பெயருள்ள இடங்கள் பலவற்றில் பழைய குடியிருப்பு புதைந்து கிடப்பது ஆராய்ச்சியாளர்கள் அறிந்ததே. கீழடியில் தோண்டிய தென்னந்தோப்பு மேட்டுக்கும் பள்ளிச்சந்தைத் திடல் என்று ஜனங்கள் இட்ட பெயர் இருந்தது. இங்கே பிறந்த பிள்ளைகளுக்கு இந்தப் பெயர்கள் தெரியாது. பெரியவர்கள் போய்விட்டால் அந்தச் சாட்சியும் போய்விடும்.

ஆகவே ஒவ்வொரு கிளையும் ஒரு நோட்டுப் புத்தகம் போடட்டும். சொன்னவர் வயது, ஊர், யாரிடம் கேட்டது என்பதை முதலில் எழுத வேண்டும். சொன்னதைச் சொன்னபடி எழுத வேண்டும். திருத்தக் கூடாது, இலக்கணம் பார்க்கக் கூடாது. ஒரே கதையை இரண்டு சாதிக்காரர் இரண்டு விதமாகச் சொன்னால் இரண்டையும் எழுத வேண்டும். ஒருவருக்கு உறைக்கிற இடம்தான் பெரும்பாலும் சரித்திரம் ஒளிந்திருக்கும் இடம். இப்போது எல்லோர் கையிலும் டெலிபோனிலேயே குரலைப் பதிவு செய்யும் வசதி இருக்கிறது. பாட்டுகளை அதில் எடுத்துக்கொள்ளலாம். விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது மேட்டில் பானையோடோ மணியோ தென்பட்டால் பொறுக்கிப் பையில் போட்டுக்கொண்டு வரக் கூடாது. இடத்தை விட்டு எடுத்த பானையோடு ஊமையாகிவிடும். எந்த இடத்தில், எந்த ஆழத்தில், எதன் பக்கத்தில் கிடந்தது என்பதே அதன் வாக்குமூலம். தொல்லியல் துறைக்குத் தகவல் கொடுங்கள். புதைந்த பொருள் பத்து ரூபாய் மதிப்புக்கு மேல் இருந்தால் கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது 1878-ஆம் வருடத்துப் புதையல் சட்டம்.

துறைக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. குழி தோண்டுவதற்கு ஊர் ஜனங்களைக் கூலிக்கு எடுக்கிறீர்கள். மண்ணின் நிற மாற்றத்தை உங்களுக்கு முன்பே கையால் கண்டுபிடிப்பவர்கள் அவர்கள். கூலி கொடுத்து அனுப்பிவிடாமல், அந்த மேட்டைப் பற்றி அவர்களுக்குத் தெரிந்ததையும் கேட்டு அறிக்கையில் எழுதுங்கள். எழுதிய அறிக்கையைக் காலத்தோடு வெளியிடுங்கள். பீரோவில் பூட்டிய அறிக்கைக்கும் தண்டவாளத்தடியில் போட்ட செங்கல்லுக்கும் அதிக வித்தியாசம் இல்லை.

கார்லாவுக்குப் போவது கஷ்டமில்லை. லோணாவளாவில் இறங்கி, புனா லோக்கலில் ஏறினால் அடுத்த ஸ்டேஷன் மளவ்லி. அங்கிருந்து குன்றடிவாரம் வரை நடக்கலாம். மழைக்காலம் முடிந்ததும் ஒரு ஞாயிற்றுக்கிழமை சங்கத்துக் குடும்பங்கள் பிள்ளைகளோடு போக ஏற்பாடு செய்யலாம் என்று யோசனை சொல்கிறேன். நம்மோடு வேலை செய்யும் மராட்டியத் தோழர்களையும் கோலித் தோழர்களையும் அழைத்துக்கொள்வோம். அம்மன் கதையை அவர்கள் சொல்லட்டும். தூணில் இருக்கும் பெயர்களை நாம் படித்துச் சொல்வோம்.